பிரகாஷ்ராஜும் பிள்ளையார்பாளையமும்

பதிவு கொஞ்சம் நீளம். அவசரத்தில் இருப்பவர்கள் ராத்திரி சாப்பிட்டுவிட்டு வந்து படியுங்கள்.

போன வாரம் எங்கள் பள்ளிப் பழைய மாணவர்களின் வாட்ஸ்அப் குழுவில் ஒரு சண்டை. ஒருவன் 'கில்லி' முத்துப்பாண்டி வீடியோ ஒன்றை வேடிக்கைக்காகப் போட்டான். இன்னொருவன், "இந்தக் கன்னடக்காரன் மூஞ்சியை ஏண்டா இங்க போடுற?" என்று கேட்டான். மூன்றாமவன் வந்து பிரகாஷ்ராஜ் எவ்வளவு துணிச்சலானவர் என்று பாடம் எடுத்தான். அப்புறம் கட்சி, மதம், காவிரி என்று எல்லாம் வந்துவிட்டது. எண்பது செய்திகளுக்கு மேல் போனது. கடைசியில் ஒருவன், "ஐயா, நீங்க ஒரு வார்த்தை சொல்லுங்க" என்று என்னை இழுத்துவிட்டான்.

நான் ஒரே ஒரு கேள்வி கேட்டேன். "காஞ்சிவரம் படம் யார் யார் பார்த்திருக்கிறீர்கள்?"

குழுவில் நாற்பது பேருக்கு மேல் இருக்கிறார்கள். பாதிப் பேர் பிள்ளையார்பாளையத்துப் பிள்ளைகள். தறிச் சத்தம் கேட்டு வளர்ந்தவர்கள். பார்த்திருந்தவர்கள் இரண்டே பேர்.

அதனால்தான் இந்தப் பதிவு.

முதலில் அந்த மனிதரைப் பற்றிக் கொஞ்சம். 1965-இல் பெங்களூரில் பிறந்தவர். பெயர் பிரகாஷ் ராய். கன்னடத்தில் அவரை இன்றும் அப்படித்தான் சொல்கிறார்கள். பெங்களூரில் நாடகம், பிறகு கன்னடத் தொலைக்காட்சித் தொடர்கள், சின்னச் சின்னப் படங்கள் என்று ஆரம்பித்தவர். அவரைத் தமிழுக்குக் கொண்டுவந்தது கே. பாலசந்தர், 1994-இல், 'டூயட்' படத்தில். 'ராய்' 'ராஜ்' ஆனதும் அங்கேதான். அந்த நன்றிக்குத்தானோ என்னவோ, பிற்பாடு சொந்தப் படக் கம்பெனி தொடங்கியபோது அதற்கும் 'டூயட் மூவீஸ்' என்றே பெயர் வைத்தார்.

அப்புறம் 'ஆசை', 'கல்கி' என்று வில்லன் வேடங்கள். 1997-இல் மணிரத்னத்தின் 'இருவர்'. படம் கற்பனை என்றுதான் சொன்னார்கள்; ஆனால் யார் எம்.ஜி.ஆர்., யார் கலைஞர் என்று பார்த்தவர்களுக்கெல்லாம் புரிந்தது. தமிழ்ச்செல்வனாக வந்தவர் பிரகாஷ்ராஜ். தமிழைத் தாய்மொழியாகக் கொள்ளாத ஒருவர், தமிழையே ஆயுதமாகப் பிடித்து வளர்ந்த ஒரு மனிதராக நடித்தார். சிறந்த துணை நடிகருக்கான தேசிய விருதும் வாங்கினார். அந்தப் படத்தில் நம் அண்ணாவை நினைவுபடுத்தும் தலைவராக வந்தவர் பக்கத்துச் செங்கல்பட்டு நாசர்.

அண்ணா பெயரைச் சொன்னதால் இதையும் சொல்லிவிடுகிறேன். நடிகர்கள் என்றால் இளப்பமாகப் பேசும் வழக்கம் நம் ஊருக்குப் பொருந்தாது. நாடகம் எழுதி, தானே வேடம் கட்டி மேடையேறியவர் காஞ்சிபுரத்து அண்ணா. வி.சி. கணேசன் என்ற இளைஞர் 'சிவாஜி' கணேசன் ஆனதே அண்ணாவின் 'சிவாஜி கண்ட இந்து ராஜ்யம்' நாடகத்தால்தான். பட்டம் கொடுத்தவர் பெரியார். ஆகவே ஒரு நடிகரின் வேலையை எடை போட நமக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

பிரகாஷ்ராஜின் படங்களை எண்ணப் போனால் பதிவு முடியாது. தமிழ், தெலுங்கு, கன்னடம், மலையாளம், இந்தி என்று ஐந்து மொழிகள். 2004-இல் 'கில்லி'. இருபது வருஷம் கழித்து 2024-இல் அதை மறுபடி தியேட்டரில் போட்டபோதும் கூட்டம் அலைமோதியது. முத்துப்பாண்டி 'செல்லம்' என்று சொன்னால், பிறந்தே இராத பிள்ளைகள்கூடச் சேர்ந்து கத்தினார்கள். தயாரிப்பாளராக 'அழகிய தீயே', 'மொழி' போன்ற படங்களை எடுத்தார். வில்லனாகச் சம்பாதித்ததை வில்லனே இல்லாத படங்களில் போட்டவர் என்று நான் வகுப்பில் வேடிக்கையாகச் சொல்வதுண்டு.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன்.

2008 டிசம்பரில் 'அபியும் நானும்' வந்தது. ராதாமோகன் இயக்கம், பிரகாஷ்ராஜ் தயாரிப்பு. ஒரே மகளை நெஞ்சில் சுமக்கும் அப்பா. மகள் கேட்டது எல்லாம் கிடைக்கும். பெரியவளாகி தானே ஒரு மாப்பிள்ளையைத் தேர்ந்தெடுக்கிறாள். அப்பா தவிக்கிறார், பிறகு ஏற்றுக்கொள்கிறார். குடும்பம் குடும்பமாகப் போய்ப் பார்த்தோம். நானும் என் மகளோடு பார்த்தேன். வெளியே வரும்போது இரண்டு பேர் கண்ணும் சரியில்லை.

மூன்று மாதம் கழித்து, 2009 மார்ச்சில், 'காஞ்சிவரம்' வந்தது. அதிலும் பிரகாஷ்ராஜ்தான். அதிலும் அப்பா, மகள், கல்யாணம். வந்ததும் தெரியவில்லை, போனதும் தெரியவில்லை.

நகைச்சுவைப் படங்களுக்குப் பெயர்போன பிரியதர்ஷன் எடுத்த படம் அது. கதை 1948-இல் ஆரம்பிக்கிறது. சிறையிலிருந்து இரண்டு நாள் பரோலில் கை விலங்கோடு ஒருவனைப் பேருந்தில் அழைத்துவருகிறார்கள். வெளியே மழை. அவன் பெயர் வேங்கடம். காஞ்சிபுரத்து நெசவாளி. பழைய கதை அவன் நினைவில் ஓடுகிறது.

தன் கல்யாணத்தில் மனைவிக்குப் பட்டுப் புடவை கட்டவேண்டும் என்று ஆசைப்பட்டவன், முடியவில்லை. மகள் பிறந்ததும், ஊர் கூடியிருக்க, குழந்தையின் காதில் சத்தியம் செய்கிறான்: உன்னைப் பட்டுப் புடவையில்தான் கட்டிக்கொடுப்பேன். கேட்டவர்கள் வாயடைத்துப் போகிறார்கள். பட்டு நெய்கிறவன் வீட்டில் பட்டுக்கு ஏது வழி? சேர்த்த பணம் வேறு தேவைக்குப் போய்விடுகிறது. வேறு வழியில்லாமல், முதலாளியின் நெசவுக்கூடத்திலிருந்து பட்டு நூலைக் கொஞ்சம் கொஞ்சமாக வாய்க்குள் வைத்துக்கொண்டு வெளியே வருகிறான். ராத்திரியில் யாருக்கும் தெரியாமல், மகளுக்காக ஒரு புடவை நெய்கிறான்.

ஊரில் கம்யூனிஸ்ட் இயக்கம் வருகிறது. வேங்கடம் கூலிக்காகப் போராடும் தலைவனாகிறான். வேலைநிறுத்தம். அந்த நேரம் பார்த்து மகளின் கல்யாணம் நெருங்குகிறது. கூடம் மூடிக்கிடந்தால் நூல் கிடைக்காதே! அந்த ஒரு காரணத்துக்காக வேலைநிறுத்தத்தையே முடித்துவைக்கிறான். பிறகு வாயில் நூலோடு பிடிபடுகிறான். முடிவை நான் சொல்லப்போவதில்லை. பாதி நெய்த அந்தப் புடவை எதற்குப் பயன்படுகிறது என்பதைப் பார்த்துத் தெரிந்துகொள்ளுங்கள்.

2007-ஆம் ஆண்டுக்கான தேசிய விருதுகளில் இதுதான் சிறந்த படம். பிரகாஷ்ராஜ் சிறந்த நடிகர்.

அந்த நடிப்பில் என்ன இருந்தது என்று நான் பலமுறை யோசித்திருக்கிறேன். பிரகாஷ்ராஜ் குரலால் வாழ்ந்தவர். மிரட்டினாலும் கொஞ்சினாலும் அவர் வசனம் தனியாகக் கேட்கும். அப்படிப்பட்டவரின் வாயில் நூலைத் திணித்துவிட்டார்கள். சோதனை போடும் இடத்தைத் தாண்டும்போது வேங்கடம் வாய் திறக்க முடியாது. எச்சில் விழுங்கவும் முடியாது. வாயால் பேர் வாங்கிய நடிகர் வாயை மூடிக்கொண்டு கண்ணாலும் கழுத்து நரம்பாலும் நடிக்கிறார். கூலிக்காரன் எதிர்த்துப் பேச முடியாமல் நிற்பது எப்படி இருக்கும் என்று பக்கம் பக்கமாக எழுதிக் காட்டலாம். அவர் வாயை மூடிக்கொண்டே காட்டிவிட்டார்.

இனி என் வீட்டுக் கதை.

என் அப்பா பிள்ளையார்பாளையத்தில் தறி நெய்தவர். சொந்தத் தறி, பட்டும் ஜரிகையும் முதலாளி கொடுப்பார், கூலிக்கு நெய்து கொடுப்பது. என் அண்ணன் என்னைவிட ஏழு வயது மூத்தவர். ஐந்தாவதோடு பள்ளியை விட்டுவிட்டு அப்பா பக்கத்தில் உட்கார்ந்து கோர்வை இழுத்தார். தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன்: காஞ்சிப் புடவையில் உடல் ஒரு நிறம், கரை ஒரு நிறம். இரண்டையும் தனித்தனி நாடாவால் நெய்து, இழைக்கு இழை கோத்து வருவதுதான் கோர்வை. உடல் கிழிந்தாலும் கரை கழன்று வராது என்பார்கள். அதற்கு நெய்பவரோடு இன்னொரு கை வேண்டும். பல வீடுகளில் அந்தக் கை பள்ளிக்கூடத்துக்குப் போகவேண்டிய ஒரு பிள்ளையின் கை. அண்ணன் கோர்வை இழுத்ததால்தான் நான் வாத்தியார் ஆனேன். இதை நான் மேடைகளில் சொன்னதில்லை. இங்கே சொல்கிறேன்.

பட்டை எடை போட்டுத்தான் கொடுப்பார்கள். நெய்த புடவையை எடை போட்டுத்தான் வாங்குவார்கள். பட்டு காற்றின் ஈரத்தை உறிஞ்சும் பொருள். மழைக்காலத்தில் எடை கூடும், வெயிலில் குறையும். நெசவாளி வீட்டுக் குழந்தைக்கும் இது தெரியும். மூன்று புடவைப் பாவுக்கு ஐப்பசி மழையில் நிறுத்துக் கொடுத்த பட்டு, தை மாசம் புடவையாகித் தராசில் ஏறும்போது கொஞ்சம் குறையத்தான் செய்யும்.

அப்படி ஒருமுறை குறைந்தது. முதலாளி வீட்டுத் திண்ணையில் பத்துப் பேர் இருந்தார்கள். முதலாளி அப்பாவைப் பார்த்து, "வேட்டியை உதறிக் காட்டு" என்றார். அப்பா எழுந்து நின்று உதறினார். ஒன்றும் விழவில்லை. கூலியில் பிடித்துக்கொண்டு மீதியைக் கொடுத்தார்கள். அப்பா வாங்கிக்கொண்டு வந்தார். அடுத்த பாவும் அவரிடமே வாங்கினார். வேறு என்ன செய்வது?

நான் அப்போது சின்னப் பையன், அங்கே இல்லை. அண்ணன் இருந்தார். பன்னிரண்டு, பதின்மூன்று வயது. புடவை மூட்டையைத் தூக்கிக்கொண்டு அப்பா கூடப் போனவர்.

2010 பொங்கலுக்கு மருமகன் 'காஞ்சிவரம்' டிவிடி வாங்கிவந்தார். ஊர் பெயரில் படம் என்று குடும்பமே உட்கார்ந்தோம். வேங்கடம் முதல்முறை வாயில் நூலை வைத்ததும் அண்ணன் எழுந்து வெளியே போய்விட்டார். போய் அழைத்தேன். திண்ணையில் உட்கார்ந்திருந்தார்.

"நம்மள திருடன்னு காட்டுறான். நீ உக்காந்து பாக்குற" என்றார்.

"கதை அதில்லண்ணா. முழுசா பாத்தா தெரியும்" என்றேன்.

"நீ வாத்தியாரு. உனக்கு முழுசாத் தெரியும்."

அதற்கு மேல் நான் என்ன பேச?

பதினைந்து வருஷமாக என் மனசுக்குள் அண்ணனோடு வாதாடிக்கொண்டிருக்கிறேன். நேரில் சொல்ல வராததை இங்கே எழுதுகிறேன்.

அண்ணா, அந்தப் படம் நெசவாளியைத் திருடன் என்று சொல்லவில்லை. அவன் எடுத்த நூலுக்குக் கணக்கு வைத்திருந்தவர்கள் அவனிடமிருந்து எடுத்த கூலிக்குக் கணக்கு வைக்கவில்லை என்று சொல்கிறது. தராசு ஒரு பக்கம் மட்டுமே நிறுக்கும் ஊரில், ஒரு மகளுக்கு ஒரே ஒரு புடவை வேண்டும் என்றால் ஒரு நல்ல மனிதன் என்ன ஆகவேண்டி வருகிறது என்று காட்டுகிறது. வேங்கடம் நல்லவன் என்று காட்டிவிட்டு நிறுத்தியிருந்தால் நாம் எல்லோரும் கண்ணைத் துடைத்துக்கொண்டு சந்தோஷமாக எழுந்திருப்போம். தன் நூலுக்காகக் கூட இருந்தவர்களின் போராட்டத்தையே விற்றவன் அவன். அதையும் ஒளிக்காமல் நடித்தார் பிரகாஷ்ராஜ். என்மேல் இரக்கப்படுங்கள் என்று ஒரு இடத்திலும் நம்மிடம் கெஞ்சவில்லை. அதுதான் அந்த மனிதரின் தொழில் நாணயம்.

நம் அப்பா எடுத்தாரா என்று கேட்டால், இல்லை என்றுதான் நான் நம்புகிறேன். ஒருவேளை எடுத்திருந்தால்? அந்தப் படத்தைப் பார்த்த பிறகு அந்தக் கேள்வி என்னைச் சுடுவதில்லை. அம்மா சாகும்வரை நூல் புடவைதான் கட்டினாள் என்பதுதான் சுடுகிறது.

இனி என் மாணவர்களுக்கு.

கன்னடக்காரன் என்றாய் தம்பி. உங்கள் வீட்டுத் தறியில் ஓடும் பட்டு எங்கிருந்து வருகிறது? பெரும்பாலும் கர்நாடகத்திலிருந்து. ஜரிகை சூரத்திலிருந்து. இரண்டும் வெளியூர்ச் சரக்குதான். நம் கை பட்டதும் காஞ்சிப் பட்டு ஆகிவிடுகிறது. 2005-06-இல் புவிசார் குறியீடும் வாங்கிவிட்டது. நூலுக்கு ஊர் கேட்காத நாம் நடிகனுக்கு மட்டும் ஏன் கேட்கிறோம்? மலையாளத்து இயக்குநரும் கன்னடத்து நடிகரும் சேர்ந்து நம் அப்பன் பாட்டன் கதையைத் தமிழில் எடுத்தார்கள். நம் ஆட்கள் ஏன் எடுக்கவில்லை என்று கேள். அது நல்ல கேள்வி. அதற்கு என்னிடமும் பதில் இல்லை.

காவிரியைப் பற்றியும் பேசினாய். 2023-இல் நடிகர் சித்தார்த் தன் 'சித்தா' படத்துக்காகப் பெங்களூரில் பத்திரிகையாளர்களைச் சந்தித்தபோது, காவிரிக்காகப் போராடியவர்கள் வந்து பாதியில் நிறுத்தினார்கள். அப்போது கன்னடர்கள் சார்பில் பகிரங்கமாக மன்னிப்புக் கேட்டவர் இதே பிரகாஷ்ராஜ். இதையும் உன் கணக்கில் எழுதிக்கொள்.

துணிச்சல்காரர் என்று பாராட்டிய தம்பிக்கும் ஒன்று சொல்ல வேண்டும். 2017-இல் பத்திரிகையாளர் கௌரி லங்கேஷ் கொல்லப்பட்ட பிறகு பிரகாஷ்ராஜ் வெளிப்படையாக அரசியல் பேசத் தொடங்கினார். 2019-இல் பெங்களூரு மத்தியத் தொகுதியில் சுயேச்சையாக நின்றார், தோற்றார். அவர் பேசுவதில் எனக்கு ஒப்புதல் உள்ளதும் உண்டு, இல்லாததும் உண்டு. ஆனால் நாளைக்கே அவர் கட்சி மாறினாலும், வாய் மூடிப் போனாலும், வேங்கடம் மாறமாட்டான். ஒரு நடிகரின் பேச்சு அன்றைக்கு, வேடம் என்றைக்கும். நீ அவர் பேச்சைத்தான் சுமக்கிறாய். அவர் உன் தாத்தாவையே சுமந்தவர். அது உனக்குத் தெரியவில்லை.

இருபத்தைந்து ஆண்டுகளுக்கு மேல் நான் தமிழ் நடத்திய வகுப்புகளில் எத்தனையோ நெசவாளி வீட்டுப் பிள்ளைகள். "அப்பா என்ன வேலை?" என்று கேட்டால் சத்தமாகச் சொன்னவர்கள் குறைவு. "வியாபாரம் சார்" என்று முனகியவர்கள் அதிகம். அந்த வெட்கத்தைப் போக்க என்னிடம் பாடம் எதுவும் இல்லை. ஓய்வு பெற்ற பிறகுதான் தோன்றுகிறது: ஒரு வெள்ளிக்கிழமை மதியம் இந்தப் படத்தைப் போட்டுக் காட்டியிருக்கலாம். பெரிய வகுப்புப் பிள்ளைகளுக்குத்தான். முடிவு சின்னப் பிள்ளைகளுக்கு ஆகாது. இப்போது பணியில் இருக்கும் ஆசிரியர்கள் யாராவது இதைப் படித்தால் யோசியுங்கள். காஞ்சிபுரத்துப் பள்ளிகளில் காட்டாமல் இந்தப் படத்தை வேறு எங்கே காட்டுவது?

கல்யாணத்துக்குப் பட்டு எடுக்க நம் ஊருக்கு வரும் வெளியூர் நண்பர்களுக்கும் ஒரு வேண்டுகோள். ஜரிகை எத்தனை பங்கு, கோர்வையா, கைத்தறியா விசைத்தறியா என்றெல்லாம் கேட்கிறீர்கள். கேளுங்கள், தப்பில்லை. கூடவே இன்னொன்றும் கேளுங்கள்: இதை நெய்தவருக்கு என்ன கூலி? கடைக்காரர் முகம் எப்படிப் போகிறது என்று பாருங்கள். பதினைந்து இருபது நாள் ஒரு குடும்பம் உட்கார்ந்து நெய்ததை நாம் பதினைந்து நிமிஷத்தில் பிரித்துப் போட்டுப் பார்க்கிறோம்.

பிரகாஷ்ராஜைத் திட்டுகிறவர்கள் திட்டட்டும்; பாராட்டுகிறவர்கள் பாராட்டட்டும். இரண்டுக்கும் முன்னால் 'காஞ்சிவரம்' பார்த்துவிட்டுச் செய்யுங்கள். இரண்டு மணி நேரம்கூட ஆகாது.

நேற்று இதை எழுதிவிட்டு அண்ணன் வீட்டுக்குப் போய்ப் படித்துக் காட்டினேன். அவருக்கு இப்போது எழுபத்தேழு வயது. கண் சரியாகத் தெரியாது. வேட்டி உதறிய கதையைப் படிக்கும்போது கையைக் காட்டி நிறுத்தச் சொல்வாரோ என்று நினைத்தேன். சொல்லவில்லை. முழுசும் கேட்டார். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டுச் சொன்னார்:

"அந்த ஆளு நல்லாதான்டா நடிச்சான். அதான் எனக்குப் பாக்க முடியல."

பதிவில் போடட்டுமா என்று கேட்டேன். "போடு. அப்பா பேர் மட்டும் வேணாம்" என்றார்.

போட்டுவிட்டேன். பேர் போடவில்லை.